புருஷனுக்குத் தெரியாத பணம், பொண்டாட்டி சொல்லாத நோய்

ஜப்பான்ல நிறைய வீட்ல சம்பளம் வந்த உடனே அது மனைவி கைக்குப் போயிடும். வீட்டு லோன், கரண்ட் பில், பிள்ளைங்க ட்யூஷன், இன்ஷூரன்ஸ் எல்லாம் அவங்க பொறுப்பு. புருஷனுக்கு மாசாமாசம் கைச்செலவுக்குன்னு ஒரு தொகை எடுத்துக் குடுப்பாங்க, மதிய சாப்பாடு, சாயங்காலம் ஆபீஸ் ஆளுங்களோட குடிக்கப் போறது, சிகரெட், முடிவெட்டு எல்லாத்தையும் அந்த ஆள் அதுக்குள்ளதான் சமாளிக்கணும். இந்தக் கைச்செலவுப் பணம் எவ்வளவுன்னு 1979லேர்ந்து ஒரு சர்வே எடுத்துட்டு வர்றாங்க. 1990 வாக்குல, பணம் தண்ணியா ஓடின காலத்துல, சராசரி 70,000 யென்னுக்கு மேல இருந்துச்சு, இப்ப சில வருஷமா 40,000 யென்னை ஒட்டியே கிடக்கு. விலைவாசி ஏறுது, இது ஏறல.

ஊர்ல சொந்தக்காரங்ககிட்ட இதைச் சொன்னா நம்ப மாட்டேங்குறாங்க. ஜப்பான் பொண்ணுங்க புருஷனுக்கு அடங்கி நடப்பாங்கன்னுதானே கேள்விப்பட்டிருக்கோம்னு கேக்குறாங்க. நான் டோக்கியோவுல எடோகாவா பக்கம் குடியிருக்கேன், மதிய சாப்பாட்டு டப்பா கட்டுற ஒரு இடத்துல பார்ட் டைம் வேலை பாக்குறேன், கூட வேலை பாக்குறவங்க முக்காவாசி ஐம்பது அறுபது வயசு ஜப்பான் அம்மாங்க. கை ஒரு பக்கம் சோறு அமுக்கிட்டு இருக்கும், வாய் இன்னொரு பக்கம் வீட்டுக் கதை பேசிட்டு இருக்கும். அங்கதான் எனக்குத் தெரிஞ்சுது, வீட்டுக் கணக்கை முழுசா கையில வச்சிருக்குறவங்களும் அதுலேர்ந்து ஒரு பங்கை புருஷன் கண்ணுல படாம ஒதுக்கி வைக்கிறாங்கன்னு. ஹெசொகுரின்னு சொல்லுவாங்க. நம்ம பாட்டிங்க சிறுவாடுன்னு சொன்னது அப்படியே இதுதான், விளக்கமே வேண்டாம்.

இதுல ரகசியமே கிடையாதுங்குறதுதான் எனக்கு முதல்ல ஆச்சரியமா இருந்துச்சு. பெண்கள் பத்திரிகைல எங்க ஒளிச்சு வைக்கலாம்னு கட்டுரை வரும், டிவில சிரிச்சுப் பேசுவாங்க. கிமோனோ மடிச்சு வச்ச பேப்பருக்குள்ள, சமையல் புத்தகத்துக்கு நடுவுல, ஃப்ரிட்ஜ்ல காய்கறி டப்பாவுக்கு அடியில, கல்யாணத்துக்கு முன்னாடி ஆரம்பிச்ச போஸ்ட் ஆபீஸ் பாஸ்புக்ல. புருஷங்களும் சும்மா இல்ல. சம்பளத்தை ரெண்டு அக்கவுண்டா பிரிச்சுப் போட சில கம்பெனில வசதி உண்டு, ஓவர்டைம் காசு, வெளியூர்ப் பயணப்படி இதெல்லாம் இன்னொரு அக்கவுண்டுக்குப் போயிடும். எனக்குத் தெரியாம என் வீட்ல எங்கயோ கொஞ்சம் பணம் இருக்குன்னு ரெண்டு பேருக்கும் தெரியும், அதை யாரும் தோண்ட மாட்டாங்க. 2011 சுனாமிக்கு அப்புறம் வடகிழக்குக் கடலோரத்துல அடிச்சு ஒதுங்கின இரும்புப் பெட்டிங்க மட்டும் 5,700, உள்ள இருந்த ரொக்கம் 200 கோடி யென்னுக்கு மேல, ஜனங்க கண்டெடுத்து போலீஸ்ல ஒப்படைச்சது. அவ்வளவு ரொக்கம் வீட்டுக்குள்ள இருக்குற நாடு இது.

சம்பளம் இப்படி மனைவி கைக்குப் போறதுக்கும் ஒரு கதை இருக்கு. முன்னாடி கவர்லதான் சம்பளம், மாசக் கடைசில புருஷன் அந்தக் கவரைக் கொண்டாந்து குடுப்பாரு, வழியில ஒண்ணு ரெண்டு நோட்டு பாருக்குப் போயிருக்கும். 1968 டிசம்பர் 10ஆம் தேதி டோக்கியோ பக்கம் ஃபூச்சூவுல தோஷிபா ஃபேக்டரிக்குப் போனஸ் பணம் கொண்டு போன பேங்க் காரை, போலீஸ் மாதிரி மோட்டார் சைக்கிள்ல வந்த ஒரு ஆள் நிறுத்தி, காருக்குள்ள குண்டு இருக்குன்னு சொல்லி எல்லாரையும் இறக்கி விட்டுட்டு காரோட போயிட்டான். 29 கோடி யென்னுக்கு மேல, இன்னிக்கு வரைக்கும் ஆள் கிடைக்கல. ரொக்கத்தைத் தூக்கிட்டு அலையவே வேண்டாம்னு கம்பெனிங்க பேங்க் அக்கவுண்டுல சம்பளம் போடுறது அதுக்கப்புறம்தான் வேகம் எடுத்துச்சு. பேங்க் கார்டு யார் கையில? பகல்ல பேங்குக்குப் போக நேரம் இருக்குற மனைவி கையில. கவர்லேர்ந்து திருடின புருஷனுக்கு அந்த வழி அடைஞ்சு போச்சு.

மனைவி மறைச்சு வச்சதை இந்த ஊர் ஒரு காலத்துல பள்ளிக்கூடப் பாடத்துலயே வச்சுப் புகழ்ந்திருக்கு. யமாவுச்சி கசுதொயோன்னு ஒரு சாமுராய், அன்னிக்கு ஜப்பான்ல பெரிய பகுதியைப் பிடிச்சு வச்சிருந்த தலைவர் நோபுனாகாகிட்ட இருந்தவரு, அப்ப பெரிய ஆள் கிடையாது. அசூச்சி ஊருக்கு வடக்கேர்ந்து ஒரு வியாபாரி அருமையான குதிரை கொண்டாந்தான், விலை அதிகம், யாராலயும் வாங்க முடியல, இவரும் வீட்டுக்கு வந்து பொலம்பினாரு. மனைவி சியோ முகம் பாக்குற கண்ணாடிப் பெட்டிக்கு அடியிலேர்ந்து பத்து ரியோ தங்கம் எடுத்து முன்னாடி வச்சாங்க, பொறந்த வீட்ல கல்யாணத்தப்ப குடுத்து விட்டது. அந்தக் குதிரைல ஏறி 1581ல கியோத்தோவுல நடந்த குதிரை அணிவகுப்புக்குப் போனாரு, நோபுனாகா கண்ணுல பட்டாரு, அதுலேர்ந்து வாழ்க்கை ஏறுச்சு, 1600 செகிகஹாரா போருக்கு அப்புறம் தோசா நாட்டுக்கே தலைவரானாரு. அந்த தோசாவுல உள்ள கொச்சி கோட்டைல அந்த அம்மாவுக்கும் குதிரைக்கும் சேர்த்து ஒரு சிலை நிக்குது.

நூறு வருஷத்துக்கும் மேல கழிச்சு அராய் ஹகுசெகிங்குற அறிஞர் எழுதி வச்ச கதை இது. அதுல என்னை நிறுத்தி வச்ச இடம் குதிரை கிடையாது. தங்கத்தைப் பார்த்த உடனே கசுதொயோவுக்கு சந்தோஷம் மட்டும் வரல, இத்தனை வருஷமா இவ்வளவு கஷ்டப்பட்டோமே, இது கையில இருக்குன்னு ஒரு வார்த்தை சொல்லலையே, இவ்வளவு கல் நெஞ்சா உனக்குன்னு கேக்குறாரு. சியோ சொல்ற பதில், வறுமைக்கு இதை எடுக்காதே, புருஷனுக்குப் பெரிய காரியம்னு வந்தா மட்டும் எடுன்னு சொல்லிக் குடுத்தாங்க, அதனாலதான்னு. அந்தக் கேள்வியும் நியாயம், பதிலும் நியாயம். பட்டினி கிடந்தது ரெண்டு பேரும்தான், அதை எவ்வளவு நாள் பொறுக்கணும்னு முடிவு பண்ணினது ஒருத்தங்க மட்டும். பாடப் புத்தகக்காரங்க குதிரையைப் பிடிச்சுக்கிட்டு அந்தக் கேள்வியை விட்டுட்டாங்கன்னு எனக்கு வருத்தம்.

ஆனா பொண்ணுங்க ஏன் ஒளிச்சாங்கன்னு சட்டத்தைப் பார்த்தா புரிஞ்சிடும். 1898ல வந்த சிவில் சட்டத்துல கல்யாணம் ஆன பொண்ணு கடன் வாங்கணும்னாலோ சொத்து விக்கணும்னாலோ புருஷன் அனுமதி வேணும், அவ பேர்ல உள்ள சொத்தைக் கூட புருஷன்தான் நிர்வாகம் பண்ணுவாரு. கள்ளத்தொடர்புக்கு ஜெயில்னு ஒரு சட்டம் இருந்துச்சு, அது மனைவிக்கு மட்டும், புருஷன் வேற வீடு வச்சிருந்தா கேள்வி கிடையாது. 1947லதான் இதெல்லாம் போச்சு. போருக்கு அப்புறம் வந்த சட்டத்துல அவங்கவங்க சம்பாதிச்சது அவங்கவங்களுதுன்னு இருக்கு, கேக்க நல்லாத்தான் இருக்கு, ஆனா வீட்ல இருக்குற பொண்ணுக்கு சம்பாத்தியம் எங்கேர்ந்து வரும்? விவாகரத்து ஆனா புருஷனோட பென்ஷன்ல பங்கு கேக்கலாம்னு சட்டம் வந்ததே 2007 ஏப்ரல்ல. அதுக்கு முந்தி அறுபது வயசுல பிரிஞ்சு போற பொண்ணுக்கு கிமோனோ பேப்பருக்குள்ள இருந்ததுதான் பாதுகாப்பு. அதை நாணயக் குறைவுன்னு சொல்ல எனக்கு மனசு வராது.

அந்தப் பணம் கடைசில யார்கிட்ட மாட்டுது தெரியுமா, டாக்ஸ் ஆபீஸ்கிட்ட. புருஷன் செத்ததும் வாரிசு வரி கணக்கு பாக்க வருவாங்க, 2015லேர்ந்து விலக்கு வரம்பு 3 கோடி யென்னும் ஒரு வாரிசுக்கு 60 லட்சம் யென்னுமா குறைஞ்சு போச்சு, அதனால டோக்கியோவுல சொந்த வீடு இருக்குற சாதாரணக் குடும்பமும் மாட்டும். மனைவி பேர்ல உள்ள பாஸ்புக்கையும் எடுத்துப் பாப்பாங்க. நீங்க வேலைக்குப் போகலையே, இந்தப் பணம் எப்படி வந்துச்சும்பாங்க. வீட்டுச் செலவுல மிச்சம் பிடிச்சதுன்னா, அப்ப அது செத்தவர் சொத்து, அவர் கணக்குல சேர்த்து எழுதுங்கன்னு சொல்லிடுவாங்க. மனைவிங்குறதால வரியில பெரிய சலுகை இருக்கு, பெரும்பாலும் அவங்க கைக்காசு போகாது, ஆனா பிள்ளைங்க முன்னாடி உக்கார வச்சு, முப்பது நாப்பது வருஷம் வாயைக் கட்டி வயித்தைக் கட்டி சேர்த்தது உன்னோடது இல்லன்னு ஒரு ஆள் பேனா வச்சுக்கிட்டு சொல்றதைக் கேக்கணும். எங்க வேலை எடத்துல ஒரு அம்மா இதைச் சொல்லும்போது சோறு அமுக்குறதை நிறுத்திட்டாங்க. அந்தக் காசை மிச்சம் பிடிக்கிற உழைப்பு யாரோடதுன்னு அந்தச் சட்டம் ஒரு தடவையாவது யோசிக்கணும்.

கடன் மறைக்கிறது வேற கதை. இதுல நான் இளகிப் பேச மாட்டேன். 1993லேர்ந்து ஆள் முகமே பாக்காம கடன் குடுக்குற மெஷின் ரோட்டோரம் பெட்டிக்கடை மாதிரி முளைச்சுது, வீட்டுக்கு ஃபோன் பண்ணினா கம்பெனி பேரைச் சொல்லாம ஒரு ஆள் பேரைச் சொல்லிக் கேப்பாங்க, குடும்பத்துக்குத் தெரியாதுங்குறதே அவங்க விளம்பரம். அந்தப் பத்து வருஷத்துலதான் கம்பெனிங்க வரிசையா படுத்துச்சு, வேலை போன ஆம்பளைங்க வீட்ல சொல்லாம கோட்டு சூட்டு மாட்டிக்கிட்டு காலைல கிளம்பி பார்க்லயும் லைப்ரரிலயும் சாயங்காலம் வரைக்கும் உக்காந்துட்டு வந்தாங்க. மாசக் கடைசில சம்பளம்னு எதையாவது காட்டணுமே, அந்த மெஷின்தான் குடுத்துச்சு, அன்னிக்கு வட்டி 29 சதவீதத்தைத் தாண்டியும் போச்சு.

இதை அடக்க 2006ல சட்டம் போட்டு 2010 ஜூன்லேர்ந்து முழுசா அமலுக்குக் கொண்டு வந்தாங்க. வட்டி 20 சதவீதத்தைத் தாண்டக் கூடாது, வருஷ வருமானத்துல மூணுல ஒரு பங்குக்கு மேல கடன் குடுக்கக் கூடாது. கூடவே ஒண்ணு, வருமானம் இல்லாத மனைவி கடன் கேட்டா புருஷன் கையெழுத்து போட்ட சம்மதம் வேணும். ரெண்டு பேர் வருமானத்தையும் சேர்த்து வரம்பு பாக்குறதால வந்த விதி இது, எழுத்துல ஆண் பெண் வித்தியாசம் கிடையாது, நடைமுறைல வீட்ல இருந்தது பொண்ணுங்க, அதனால கட்டுப்பட்டதும் பொண்ணுங்க. புருஷன் அடிக்கிறான்னு ராத்திரியோட ராத்திரியா கிளம்ப நினைக்கிற ஒருத்தி அவன் கையெழுத்தை எங்க போய் வாங்குவா? அவளுக்கு அந்த சிறுவாடு மட்டும்தான் வழி. அதனாலதான் சொல்றேன், ஒளிச்ச சேமிப்பையும் ஒளிச்ச கடனையும் ஒரே தராசுல வைக்கக் கூடாது. சேமிப்பு வெளிய வந்தா யாரும் தெருவுக்கு வர்றதில்ல. கடன், புருஷன் பேர்ல மட்டும் இருந்தா மனைவி கட்ட வேண்டியதில்லன்னு சட்டம் சொல்லும், ஆனா வீட்டு லோன் தவணை நின்னு போச்சுன்னா ரெண்டு பேரும் சேர்ந்துதானே வெளிய நிக்கணும்.

கள்ளத்தொடர்பைப் பத்தி ஒண்ணும் எழுதலையேன்னு கேப்பீங்க. துப்பறியும் ஆபீஸ் போர்டு ஸ்டேஷன் ஸ்டேஷனா இருக்கு, அவங்களுக்குன்னு தனிச் சட்டமே 2007லேர்ந்து அமல்ல இருக்கு, கோர்ட்ல விவாகரத்து கேக்க சட்டம் சொல்ற முதல் காரணமும் இதுதான். எல்லா ஊர்லயும் உள்ளதுதான், ஜப்பானுக்குன்னு தனியா சொல்ல ஒண்ணுமில்ல.

நான் உண்மையில எழுத நினைச்சது நோயைப் பத்தி.

இந்த ஊர்ல ரொம்ப காலம் கேன்சர்னு தெரிஞ்சா டாக்டர் நோயாளிகிட்ட சொல்ல மாட்டாரு, மனைவியை மட்டும் தனி ரூமுக்குக் கூப்பிட்டுச் சொல்லுவாரு. சொல்லலாமா வேண்டாமான்னு முடிவு பண்றது குடும்பம். பெரும்பாலும் வேண்டாம்னுதான் சொல்லுவாங்க, அல்சர், கல்லு, வீக்கம்னு ஏதாவது பேர் சொல்லி சமாளிப்பாங்க. சக்கரவர்த்தி ஹிரோஹிதோவுக்கே இதுதான் நடந்துச்சு. 1987 செப்டம்பர்ல ஆபரேஷன் பண்ணினாங்க, வெளிய கணைய வீக்கம்னு சொன்னாங்க, அவருக்கும் சொல்லல, 1989 ஜனவரி 7ஆம் தேதி இறந்த பிறகுதான் கேன்சர்னு அறிவிச்சாங்க. நாட்டுக்கே தலைவர்னு இருந்தவருக்கு அவர் உடம்புல என்ன இருக்குன்னு தெரிஞ்சுக்கிற உரிமை கிடைக்கல.

1983ல நகோயாவுல ஒரு நர்ஸம்மா. டாக்டருக்குப் பித்தப்பை கேன்சர்னு சந்தேகம், அவங்ககிட்ட பித்தப்பைல கல்லு, கொஞ்சம் மோசமா இருக்கு, அட்மிட் ஆகுங்கன்னு மட்டும் சொன்னாரு. கல்லுதானேன்னு அவங்க ஏற்கனவே போட்டிருந்த சிங்கப்பூர் ட்ரிப்புக்குப் போயிட்டு வந்தாங்க, அட்மிஷனையும் கேன்சல் பண்ணிட்டாங்க, அந்த வருஷ டிசம்பர்லயே இறந்துட்டாங்க. குடும்பம் கேஸ் போட்டுச்சு. 1995 ஏப்ரல்ல சுப்ரீம் கோர்ட் டாக்டர் மேல தப்பில்லன்னு சொல்லிடுச்சு, அந்தக் காலத்துல நோயாளிகிட்ட நேரா சொல்லாம இருக்குறது வழக்கம், அட்மிட் ஆனப்புறம் குடும்பத்துகிட்ட சொல்றதா இருந்தாருன்னு. 2002 செப்டம்பர்ல இன்னொரு கேஸ்ல அதே கோர்ட், நோயாளிகிட்ட சொல்ல வேண்டாம்னு டாக்டர் முடிவு பண்ணினா குடும்பத்துகிட்டயாவது சொல்றதைப் பத்தி அவர் யோசிச்சே ஆகணும்னு சொல்லுச்சு. நல்ல தீர்ப்புன்னு எல்லாரும் சொல்றாங்க, எனக்கு அதைப் படிச்சப்ப நெஞ்சு அடைச்சுது. உடம்பு ஒருத்தரோடது, சேதி வீட்ல உள்ளவங்களுக்கு.

எங்க வேலை எடத்துல மூத்தவங்க ஒருத்தங்க, எழுபது தாண்டினவங்க, அவங்க புருஷனுக்கு அந்தக் காலத்துல வயித்துல கேன்சர். டாக்டர் இவங்களைக் கூப்பிட்டுச் சொன்னாரு, மாமியாரும் நாத்தனாரும் சொல்லக் கூடாதுன்னு ஒரே பிடிவாதம், இவங்க வாயைக் கட்டிட்டாங்க. அவருக்கு ரிட்டயர் ஆக இன்னும் கொஞ்ச நாள்தான், ரிட்டயர் ஆனதும் ஹொக்கைடோவுக்கு ரயில்ல போகணும்னு ஆசை, ஆஸ்பத்திரி கட்டில்ல மேப் விரிச்சு வச்சுக்கிட்டு எந்த ஸ்டேஷன்ல இறங்கலாம், எந்த ஊர் வெந்நீர் ஊத்துல தங்கலாம்னு இவங்களைக் கேப்பாராம். இவங்களும் பக்கத்துல உக்காந்து, இங்க வேண்டாம் அங்க தங்கலாம்னு பதில் சொல்லணும். "பொய் சொல்றது கஷ்டமா இல்ல, அவரு என்னை நம்பினதுதான் கஷ்டமா இருந்துச்சு"ன்னாங்க. அவருக்குத் தம்பிகூட ஏதோ பழைய மனஸ்தாபம், தெரிஞ்சிருந்தா கூப்பிட்டுப் பேசியிருப்பாரு, மகனுக்கு நாலு வார்த்தை சொல்லியிருப்பாரு, ஹொக்கைடோவுக்கே உடம்புல தெம்பு இருக்கும்போது போயிருக்கலாம். இதெல்லாம் அவரோட நாள், அவர் செலவழிக்க வேண்டியது.

அன்புதான் காரணம்னு எனக்குத் தெரியும். பயந்து போயிடுவாரு, மனசு உடைஞ்சிடும்னுதான் மறைச்சாங்க, நம்ம ஊர் ஆஸ்பத்திரி வராண்டாவுல இன்னிக்கும் "அவருக்குச் சொல்லிடாதீங்க டாக்டர்"னு கையெடுத்துக் கும்பிடுறவங்களை நான் பார்த்திருக்கேன். ஆனா கண்ணாடிப் பெட்டிக்கு அடியில இருந்த தங்கம் சியோவோடது, மறைக்க அவங்களுக்கு உரிமை இருந்துச்சு. வயித்துல இருந்த கட்டி அந்த மனுஷனோடது. அடுத்தவங்களுக்குச் சொந்தமானதை அவங்ககிட்டயே மறைக்கிறதுக்கு, முப்பது வருஷம் கூட வாழ்ந்தாலும், எந்த மனைவிக்கும் எந்தப் புருஷனுக்கும் உரிமை வராதுன்னு நான் நினைக்கிறேன். அந்த அம்மாகிட்ட இதை நான் சொல்லல, அவங்களே சொல்லிட்டாங்க, திரும்ப அந்த ரூமுக்குள்ள போனா கதவைத் திறந்து வச்சு அவரையும் உள்ள கூப்பிட்டிருப்பேன்னு.

இப்ப நிலைமை மாறிடுச்சு. இன்னிக்கு நோயாளியையே உக்கார வச்சு ஸ்கேன் படத்தைக் காட்டிப் பேசுறதுதான் வழக்கம், கேன்சருக்குன்னு அடிப்படைச் சட்டமே 2007லேர்ந்து இருக்கு.

வீட்டுக் கணக்கும் மாறுது. ரெண்டு பேரும் வேலைக்குப் போற குடும்பம் 1990களோட கடைசிலயே ஒருத்தர் மட்டும் சம்பாதிக்கிற குடும்பத்தைத் தாண்டிடுச்சு. எங்க இடத்துக்கு வர்ற சின்னப் பொண்ணுங்க தனித்தனி பர்ஸ்னு சொல்றாங்க, வாடகை அவன், சாப்பாடு நான், மிச்சம் அவங்கவங்களோடது. புருஷன் சம்பளம் எவ்வளவுன்னு கேட்டா தெரியாதுன்னு சாதாரணமா சொல்றாங்க. ஒளிக்கவே தேவையில்லாம போயிட்டதால ஹெசொகுரிக்கு அங்க வேலையில்ல. ஆனா படிக்க வாங்கின கடன் இருக்கே, காலேஜ் முடிச்சு பதினஞ்சு இருபது வருஷம் கட்ட வேண்டியது, அதைக் கல்யாணத்துக்கு முன்னாடி சொல்லாம விட்டுட்டு அப்புறம் சண்டை வர்றது இப்ப நிறைய. ஒருத்தரோட கடன் விவரத்தை அவரே கேட்டாத்தான் அதைப் பதிஞ்சு வச்சிருக்குற ஆபீஸ்ல குடுப்பாங்க, கட்டிக்கப் போறவ கேட்டாலும் குடுக்க மாட்டாங்க, அதனால அவரா கொண்டாந்து காட்டினாத்தான் உண்டு.

இன்னொண்ணு. இந்த ஊர் சிவில் சட்டத்துல 754னு ஒரு பிரிவு, புருஷன் பொண்டாட்டி தங்களுக்குள்ள செஞ்சுக்கிட்ட ஒப்பந்தத்தை அந்த ரெண்டு பேர்ல யாரு வேணா எப்ப வேணா ரத்து பண்ணலாம்னு நூறு வருஷத்துக்கு மேல இருந்துச்சு. குடும்பத்துக்குள்ள சொன்ன வாக்கைக் கோர்ட் வரைக்கும் இழுக்க வேண்டாம்னு நினைச்சு வச்சாங்களாம். வீட்டை உன் பேர்ல எழுதறேன்னு எழுதிக் குடுத்துட்டு மறுநாள் இல்லன்னு சொல்ல அது ஒரு வழி. கோர்ட்டுங்களே உறவு முறிஞ்சு போன கேஸ்ல அதை ஏத்துக்காம இருந்தாங்க, 2024 மே மாசம் பார்லிமென்ட் அதை எடுத்துப் போட முடிவு பண்ணுச்சு, அது அமலுக்கு வர்ற தேதி 2026 ஏப்ரல் 1. எங்க இடத்துல ஒரு அம்மா அந்தச் செய்தியைப் படிச்சுக் காட்டிட்டு, அவங்க புருஷன் பழைய பாஸ்புக்கை உனக்குத் தர்றேன்னு எழுதிக் குடுத்த பேப்பரை இன்னும் வச்சிருக்குறதா சொன்னாங்க, வக்கீலைப் பாருங்கன்னு நாங்க எல்லாரும் ஒரே குரல்ல சொன்னோம்.